தனுஷ்கோடிப் புகைவண்டி நிலையம்

கும்பாபிஷேக மலரில் புகைவண்டி நிலையம் ஒன்றின் வரலாறு எதற்கு என்று அன்பர்கள் சிலர் வினவக்கூடும். காசி யாத்திரையைக் கருதும் நம்மவர் முதலில் தனுஷ்கோடியில் சேது ஸ்நானம் செய்து, அங்கே எடுத்த மணலைப் பிரயாகையின் திரிவேணி சங்கமத்தில் கரைத்து, வடக்கிலிருந்து கொணர்ந்த கங்கை நீரால் இராமநாதசுவாமிக்கு அபிஷேகம் செய்வித்து யாத்திரையை நிறைவு செய்வது தொன்றுதொட்ட மரபு. அந்த யாத்திரையின் முதற்படியாக ஐம்பது ஆண்டுகள் விளங்கியது இந்நிலையம். ஆதலின் அதன் கதை இம்மலருக்குப் புறம்பானதன்று.

மகோததி எனப்பெறும் வங்கக் கடலும் இரத்தினாகரம் எனப்பெறும் தென்கடலும் இருபுறமும் நெருக்கும் மணற்பரப்பின் கோடியில் அமைந்தது இத்தலம். விபீடணாழ்வான் வேண்டியபடி இராமபிரான் தம் வில்லின் நுனியால் சேதுவை உடைத்தருளியமையின் இப்பெயர் வந்தது என்பர்.

1902-ஆம் ஆண்டில் மதுரையிலிருந்து மண்டபம் வரையில் இருப்புப்பாதை வந்தது. அதற்கப்பால் கடல், யாத்ரிகர் தோணியேறியே தீவை அடைந்தனர். 1914 பிப்ரவரி 24-இல் பாம்பன் பாலம் திறக்கப்பெற்றதும் அத்துன்பம் ஒழிந்தது. பாம்பனில் பாதை இரண்டாகப் பிரிந்து, ஒன்று இராமேசுவரத்திற்கும் மற்றொன்று தனுஷ்கோடிக்கும் சென்றது.

உள்ளதை உள்ளபடி சொன்னால், தென்னிந்திய ரயில்வே கும்பினியார் இந்நிலையத்தை அமைத்தது புண்ணியம் கருதியன்று. இலங்கைப் போக்குவரத்தின் வருவாய் கருதியே. அதுவரை கொழும்பு செல்வோர் தூத்துக்குடியில் கப்பலேறி நெடுங்கடல் கடந்தனர். புதிய வழியிலோ, எழும்பூரில் வண்டியேறியவர் தனுஷ்கோடித் துறையில் நீராவிக் கப்பலுக்கு மாறி, சுமார் 22 மைல் கடந்து தலைமன்னாரில் மீண்டும் வண்டியேறினார். ‘போட் மெயில்’ என்று மக்கள் வழங்கியது இதனையே. தேயிலைத் தோட்டங்களுக்குப் பிழைக்கச் சென்ற ஏழை எளியவர் பலர் கண்ணீரோடு தாயகத்தைத் திரும்பிப் பார்த்த கடைசித் துறையும் இதுவே. அவ்வழியாகவே செம்பும் மூட்டையுமாக யாத்ரிகரும் சென்றனர். வணிகத்திற்கிட்ட பாதை பக்திக்கும் பயன்பட்டதை இறைவன் திருவுள்ளம் என்றே அடியேன் கருதுகின்றேன்.

1964 டிசம்பர் 22. இலங்கையின் வடபகுதியைக் கடந்து வந்த பெரும்புயல் அன்றிரவு தீவின்மேல் மோதியது. நள்ளிரவுக்குச் சற்று முன் பாம்பனை விட்டுப் புறப்பட்ட 653-ஆம் எண் பயணி வண்டி நூற்றுக்கு மேற்பட்டோரைச் சுமந்து தனுஷ்கோடியை நெருங்கியது. கைகாட்டி விளக்கு எரியவில்லை. ஓட்டுநர் சற்றுக் காத்திருந்து, ஊதலை நீள ஒலித்துவிட்டு, மெல்ல முன்னே செலுத்தினார் என்று சொல்வர். நிலையம் எட்டிவிடும் தொலைவில் இருந்தது. பேரலை எழுந்து வண்டியை முழுவதும் கொண்டு போயிற்று. நிலையமும் துறையும் வீடுகளும் அழிந்தன.

அலையில் உடைந்த பாம்பன் பாலத்தைப் பொறியாளர் ஈ. ஸ்ரீதரன் தலைமையில் 46 நாட்களில் செப்பனிட்டனர். தனுஷ்கோடிப் பாதையை மட்டும் மீண்டும் இடவில்லை. இலங்கைக் கப்பல் இராமேசுவரத்திலிருந்து சில காலம் ஓடிப் பின்னர் நின்றது. 2017-இல் அரிச்சல்முனை வரையில் தார்ச்சாலை அமைந்தது; 2025 ஏப்ரல் 6, ஸ்ரீராமநவமி நன்னாளில், பாம்பனில் புதிய ரயில் பாலமும் திறக்கப்பெற்றது. நிலையத்தின் இடிந்த சுவர்களும் தண்ணீர்த் தொட்டியின் எச்சமும் மணலில் நிற்கின்றன.

விபீடண சரணாகதி நிகழ்ந்த இடத்தில் விளங்கும் கோதண்டராமர் திருக்கோயில் அப்புயலிலும் நிலைத்து நின்றதை நம்மவர் வியந்து பேசுவர். வியக்கத்தக்கதே. ஆனால் அவ்வியப்பிலே வண்டியோடு போனவர்களை மறந்துவிடுதல் தகாது. இன்று பலர் அவ்விடிபாடுகளை வேடிக்கையாகப் பார்த்துப் படமெடுத்துத் திரும்புவதும் மனத்திற்கு ஒவ்வவில்லை.

முன்னோர்க்குத் தர்ப்பணம் செய்வோர், உற்றார் அற்றோர்க்கென இறுதியில் நீர் வார்ப்பது வழக்கம். இனிச் சேதுவுக்குச் செல்லும் அன்பர்கள் அந்நீரை வார்க்கும்பொழுது, 1964-ஆம் ஆண்டு அவ்வண்டியில் வந்தவர்களையும் நினைந்து வார்க்க வேண்டுமென்பது அடியேன் விண்ணப்பம்.