மீனாவுக்கு உருக்கொடுத்தவர்

சித்திரப்படம் என்றவுடன் வால்ட் டிஸ்னியின் பெயரை நம் வீட்டுச் சிறுவர் சட்டெனச் சொல்லிவிடுவர். ராம் மோகன் என்னும் பெயரையோ அவர்தம் பெற்றோரும் அறிந்திலர். தெற்காசியாவின் பெண்மக்கள் பள்ளிக்கூடத்தின் படியேற வேண்டும் என்பதற்காகத் தூரிகை பிடித்த கலைஞர் அவர்.

1931இல் பிறந்த ராம் மோகன், சென்னைப் பல்கலைக்கழகத்தில் வேதியியல் பட்டம் பெற்றவர். சோதனைக் குழாய்களோடு கழிந்திருக்க வேண்டிய அவர் வாழ்வு 1956இல் வேறு திசையில் திரும்பிற்று. அவ்வாண்டு பம்பாயில், மத்திய அரசின் பிலிம்ஸ் டிவிஷன் ஒரு கார்ட்டூன் பிரிவைத் தொடங்கியது. டிஸ்னியின் 'பாம்பி' படத்தில் பணிபுரிந்த கிளேர் வீக்ஸ், அமெரிக்காவிலிருந்து பயிற்சியளிக்க வந்தார். அவரிடம் பாடம் கேட்ட இளைஞருள் ராம் மோகனும் ஒருவர். புத்த ஜாதகக் கதையொன்றைத் தழுவிய 'தி பேன்யன் டீர்' 1957இல் அப்பிரிவிலிருந்து வெளிவந்தது.

ஏறத்தாழ அதே காலத்தில் போலந்து நாட்டிலும் அரசுக் கூடங்களே சிறுவர் சித்திரப்படங்களை உருவாக்கி வந்தன. பீல்ஸ்கோ-பியாவா நகரத்துக் கூடம் 1963 முதல் 'போலெக், லோலெக்' என்னும் இரு சிறுவரின் குறும்புகளைத் தொடர்ந்து படமாக்கி உலகெங்கும் அனுப்பியது. அங்கே குழந்தை சிரிப்பதே போதுமானதாயிருந்தது. நம் நாட்டிலோ, பெரியவர்க்கு அறிவுரை சொல்லுவதே சித்திரப்படத்தின் முதற்கடமை என அதிகாரிகள் கருதினர் போலும்! சிறுவர்க்கு மிஞ்சியது சிறிதளவே.

அந்நாளில் இது எத்துணை உழைப்பு வேண்டிய தொழில் என்பதை எண்ணிப் பார்த்தல் வேண்டும். திரையில் ஒரு வினாடிக்கு 24 படங்கள் ஓடுகின்றன. பத்து நிமிடப் படத்திற்கு 14,400 படங்கள். ஒரே சித்திரத்தை இருமுறை படம்பிடித்துச் சிக்கனம் செய்தாலும் ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட சித்திரங்களைக் கையால் தீட்ட வேண்டும். நூற்றுக்கணக்கான கைகளும் பொறுமையும் பணமும் இருந்த அமெரிக்காவுக்கு அது எளிது. நம்மவரோ ஒரு சிறு குழுவாக அமர்ந்து வரைந்தனர்.

1967இல் அரசுப் பணியினின்று விலகிய ராம் மோகன், 1972இல் ராம் மோகன் பயோகிராபிக்ஸ் என்னும் சொந்தக் கூடத்தை நிறுவினார். விளம்பரப் படங்கள் அடுப்பெரித்தன. தேசிய விருதுகளும் வந்தன. ஒன்றைமட்டும் விரித்துச் சொல்ல வேண்டும். சத்யஜித் ரே 1977இல் எடுத்த 'சத்ரஞ்ச் கே கிலாரி', அவத் நாட்டின் கடைசி நவாப் வாஜித் அலி ஷா அரியணை இழந்த வரலாற்றைச் சொல்லும் படம். அவத்தை வாயில் தானே விழப்போகும் செர்ரிப் பழம் என்று கடிதத்தில் எழுதியவர் டல்ஹௌசி. அவ்வுவமையைப் பற்றிக்கொண்டு, கம்பெனியார் ஒவ்வொரு நாடாக விழுங்கும் காட்சியைச் சித்திரமாக அசையவிட்டார் ராம் மோகன். 1856இல் நிகழ்ந்த அந்தக் கொள்ளையை விளக்கப் பக்கம் பக்கமாக எழுத வேண்டியதைச் சில நிமிடச் சிரிப்பில், வயிற்றெரிச்சலோடு சொல்லிவிட்டார்.

இனி மீனா. 1991 முதல் 2000 வரையிலான ஆண்டுகளைப் பெண் குழந்தைகளின் பத்தாண்டாகச் சார்க் நாடுகள் அறிவித்திருந்தன. வங்காளதேசத்திலிருந்த யுனிசெஃப் அலுவலகம் அதற்கென ஒரு சிறுமியைப் படைக்க விரும்பியது. டாக்காவின் ஓவியர்களும் பங்குகொண்ட அம்முயற்சியில், அச்சிறுமிக்கு முடிவான வடிவம் கொடுத்தவர் ராம் மோகன். இங்கேதான் இடர். வங்காளதேசத்துச் சிறுமியாகத் தோன்றினால் நேபாளத்தார் ஏற்கார். இந்தியச் சிறுமியாகத் தோன்றினால் பாகிஸ்தானத்தார் முகம் திருப்புவர். ஆகவே எந்நாட்டு முத்திரையும் இல்லாத நீண்ட பாவாடையும் சட்டையும் அவளுக்கு அணிவிக்கப்பட்டன. பெயரும் இருசமய இல்லங்களிலும் வழங்குவதாகவே தேர்ந்தெடுக்கப்பட்டது. ஊர் ஊராகச் சென்று தாய்மாரிடமும் பிள்ளைகளிடமும் படங்களைக் காட்டிக் கருத்துக் கேட்டனர். தொடக்கப் படங்கள் மணிலாவிலும், பின்னர் வந்தவை ராம் மோகனின் கூடத்திலும் உருவாயின.

முதற்படத்தின் கதை எளியது. தம்பி ராஜு பள்ளிக்குச் செல்கிறான், மீனாவுக்கு அனுமதியில்லை. அவள் தன் கிளி மிட்டுவை அனுப்புகிறாள். வகுப்பில் கேட்ட எண்களைக் கிளி வந்து ஒப்பிக்க, அவள் கற்றுக்கொள்கிறாள். வீட்டுக் கோழிகளை எண்ணுகையில் ஒன்று குறைகிறது, திருடன் அகப்படுகிறான். தந்தை மனம் மாறுகிறார். தந்தையைக் கொடியவராகக் காட்டாமல், கணக்குத் தெரிந்த மகளால் இலாபமே என்று அவரே உணரும்படி செய்தது நல்ல உத்தி. மாம்பழத்தைப் பங்கிடும் மற்றொரு படத்தில், ராஜுவும் மீனாவும் ஒருநாள் வேலைகளை மாற்றிக்கொள்கின்றனர். மாலைக்குள் பையன் களைத்துப்போகிறான்! பெண்ணுக்குச் சிறுபங்கு வைக்கும் வழக்கம் நம் அடுக்களைகளில் இல்லையென்று யார் துணிந்து கூறுவார்? இளவயதுத் திருமணம், வரதட்சணை ஆகியனவும் அத்தொடரில் இடம்பெற்றன.

பெரியபாளையம் சுற்றுவட்டாரத்துச் சிற்றூர்களிலிருந்து கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டைக்கு இன்று வேலைக்குச் செல்லும் இளம்பெண்களுள் மீனாவைப் பார்த்தவர் மிகச் சிலராகவே இருப்பர். வங்காளதேசத்திலோ செப்டம்பர் 24ஆம் நாளை மீனா தினமாகவே கொண்டாடுகின்றனர்.

யூகோ சாகோ என்னும் ஜப்பானியரோடு சேர்ந்து, 1992இல் இராமாயணத்தை முழுநீளச் சித்திரப்படமாகவும் எடுத்தவர் ராம் மோகன். முதுமையிலும் ஓய்ந்திராமல், இளைஞர்க்கு இக்கலையைக் கற்பிக்கும் பள்ளியோடு இணைந்திருந்தார். 2014இல் பத்மஸ்ரீ விருது வந்தது. 2019 அக்டோபரில், 88ஆம் வயதில் அவர் காலமானார்.