ஏறலாம், உட்காரலாம், வேலை மட்டும் கேட்கக் கூடாது
பிரிஸ்டல் பஸ் புறக்கணிப்பு, 1963

இந்தியாவில் ரயில் பாதை போட்டால் அதைத் தொடர்ந்து நவீனத் தொழில் வரும், அந்தத் தொழில் பரம்பரை வேலைப் பிரிவினையைக் கரைக்கும், அந்தப் பிரிவினை மேல் நிற்கிற சாதியும் கரையும் என்று 1853இல் லண்டனில் இருந்துகொண்டு எழுதினார் மார்க்ஸ். நம் இடதுசாரித் தோழர்கள் இதை எத்தனையோ மேடைகளில் சொல்லக் கேட்டிருக்கிறேன். வண்டி ஓட ஆரம்பிச்சா வேத்துமை தானா ஓடிப்போயிடும்ங்கிற மாதிரி பேசுவாங்க. அப்படியானால் அவர் உட்கார்ந்து எழுதிய நாட்டிலேயே வண்டி எப்படி ஓடியது என்று பார்த்துவிடுவோம்.

பிரிஸ்டல் இங்கிலாந்தின் மேற்குக் கரையோரத் துறைமுக நகரம். ஆப்பிரிக்க மனிதர்களைப் பிடித்து விற்ற வியாபாரத்தில் கொழுத்த ஊர். 1875இல் அங்கே குதிரை இழுக்கிற டிராம் வந்தது. 1895இல் மின்சார டிராம். பிரிட்டனில் மின்சார டிராம் முதலில் ஓடிய நகரங்களில் அதுவும் ஒன்று. 1941 ஏப்ரலில் ஜெர்மன் குண்டு விழுந்து மின்சாரம் அறுந்தது. டிராமும் அதோடு முடிந்தது. பிறகு எல்லாம் பஸ்தான். டிராம் நடத்திய கம்பெனியே பஸ்ஸையும் நடத்தியது. போருக்குப் பிறகு அது அரசுடைமை ஆனது. இதைக் குறித்துக்கொள்ளுங்கள்: இது தனியார் முதலாளியின் கதை அல்ல, அரசாங்கத்துக்குச் சொந்தமான கம்பெனியின் கதை.

அந்தக் காலத்து பஸ்ஸுக்கு ரெண்டு பேர் வேணும். முன்னால் டிரைவர், உள்ளே டிக்கெட் கொடுக்கக் கண்டக்டர். போருக்குப் பிறகு இந்த வேலைக்கு ஆள் கிடைக்கவில்லை. சம்பளம் குறைவு, வேலை நேரம் கண்டபடி. பிரிட்டன் தன் காலனிகளில் இருந்து ஆட்களைக் கூப்பிட்டது. லண்டன் போக்குவரத்து நிர்வாகம் 1956இல் பார்படோஸ் தீவுக்கே போய் ஆள் எடுத்தது. அதே நாட்டில், அதே ஆண்டுகளில், பிரிஸ்டலில் ஒரு கறுப்பர்கூட கண்டக்டர் ஆக முடியவில்லை. ஆள் பற்றாக்குறை அங்கேயும் இருந்தது.

கறுப்பர்களுக்குக் கம்பெனியில் வேலையே இல்லை என்று நினைத்துவிட வேண்டாம். பட்டறையில் வேலை உண்டு, கேன்டீனில் வேலை உண்டு. கூலி குறைந்த, பயணி கண்ணில் படாத வேலை. வெளியே வந்து சீருடை போட்டு, தோளில் பை மாட்டி, வெள்ளைக்காரனிடம் காசு வாங்கி டிக்கெட் கிழிக்கிற வேலைதான் இல்லை. உழைப்பு தீட்டு இல்லை, உழைக்கிற ஆள் முன்னால வந்து நிக்கிறதுதான் தீட்டு. இதை நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.

யார் போட்ட தடை இது? 1955இல் போக்குவரத்துத் தொழிலாளர் யூனியனின் உள்ளூர்க் கிளை, பஸ்ஸில் நிறத்தவரை எடுக்கக் கூடாது என்று தீர்மானம் போட்டது. அடிப்படைச் சம்பளம் குறைவு என்பதால் தொழிலாளர்கள் ஓவர்டைமை நம்பித்தான் பிழைத்தார்கள். புது ஆள் வந்தால் ஓவர்டைம் போகும் என்ற பயம். சம்பளத்தை உயர்த்தச் சொல்லி முதலாளியிடம் கேட்பதைவிட, வாசலில் நிற்கிற கறுப்பனைத் தடுப்பது சுலபமாக இருந்தது. கம்பெனியைக் கேட்டால், கறுப்பரை எடுத்தால் வெள்ளையர் வேலையை விட்டுப் போய்விடுவார்கள் என்றது. யூனியனைக் கேட்டால் கம்பெனியைக் கை காட்டியது. பந்தை இப்படி மாறி மாறித் தட்டிவிட்டே எட்டு வருஷம் ஓட்டினார்கள்.

ராய் ஹேக்கெட், ஓவன் ஹென்றி, ஆட்லி எவன்ஸ், பிரின்ஸ் பிரவுன் என்ற மேற்கிந்தியத் தீவுக்காரர்கள் சேர்ந்து ஓர் அமைப்பைக் கட்டினார்கள். பால் ஸ்டீவன்சன் என்ற இளைஞர் நல அலுவலர் அவர்களுக்காகப் பேசினார். 1963 ஏப்ரலில் கை பெய்லி என்ற 18 வயதுப் பையனுக்கு வேலை கேட்டார்கள். இரவுப் பள்ளியில் படித்துக்கொண்டிருந்த பையன். காலியிடம் இருக்கிறது, நேர்காணலுக்கு வரலாம் என்றது கம்பெனி. பையன் மேற்கிந்தியன் என்று தெரிந்ததும் நேர்காணல் இல்லை என்றாகிவிட்டது. தடையை இனி யாரும் மறைக்க முடியாதபடி வெளியே இழுத்துப் போட்டாயிற்று.

ஏப்ரல் கடைசியில் புறக்கணிப்பை அறிவித்தார்கள். மே 1 அன்று, தொழிலாளர் தினத்தில், சுமார் 100 பல்கலைக்கழக மாணவர்கள் பஸ் நிலையத்துக்கும் யூனியன் அலுவலகத்துக்கும் ஊர்வலம் போனார்கள். பஸ் தொழிலாளர்கள் அவர்களைக் கேலி செய்து கூச்சல் போட்டார்கள். சகோதரத்துவம் பேசுகிற நாளில் நடந்தது இது. திருச்சபைத் தலைவர்களோ புறக்கணித்தவர்களையே குறை சொன்னார்கள். யூனியன் அதிகாரி ஒருவர் ஸ்டீவன்சனைப் பத்திரிகையில் இழிவாகப் பேசினார். அவர் அவதூறு வழக்குப் போட்டு 500 பவுன் நஷ்டஈடு வாங்கினார்.

மான்ட்கோமரியோடு இதை ஒப்பிடுவார்கள். ஸ்டீவன்சனுக்கும் அதுதான் உந்துதல். ஆனால் வித்தியாசம் உண்டு. மான்ட்கோமரியில் சண்டை இருக்கைக்காக. பயணிகளில் பெரும்பாலோர் கறுப்பர்கள் என்பதால் அவர்கள் ஏறாவிட்டால் கம்பெனி படுத்துவிடும். பிரிஸ்டலில் கறுப்பர்கள் எங்கே வேண்டுமானாலும் உட்காரலாம், ஆனால் மொத்த எண்ணிக்கையே சில ஆயிரம்தான். அவர்கள் நடந்து போனதால் கம்பெனிக்குப் பெரிய நஷ்டம் இல்லை. அவமானம்தான் அதைப் பணிய வைத்தது. பத்திரிகைகள் எழுதின. டோனி பென் ஆதரித்தார். டிரினிடாட் தூதராக இருந்த கிரிக்கெட் வீரர் லியரி கான்ஸ்டன்டைன் வெளிப்படையாகக் கண்டித்தார். சிறுபான்மையா இருக்கிறவன் எண்ணிக்கையை நம்பிப் போராட முடியாது. எங்கே தட்டினால் சத்தம் நாடு முழுக்கக் கேட்கும் என்று பார்த்துத் தட்டணும்.

ஆகஸ்ட் 27 அன்று சுமார் 500 பஸ் தொழிலாளர்கள் கூடித் தடையை விட ஒப்புக்கொண்டார்கள். மறுநாள் கம்பெனி அறிவித்தது. அதே ஆகஸ்ட் 28 அன்றுதான் வாஷிங்டனில் மார்ட்டின் லூதர் கிங் தன் கனவைப் பேசினார். செப்டம்பர் 17 அன்று வெள்ளையர் அல்லாத முதல் கண்டக்டர் வேலைக்குச் சேர்ந்தார். அவர் பெயர் ரக்பீர் சிங், சீக்கியர். மேற்கிந்தியர்கள் நடத்திய போராட்டத்தில் முதலில் உள்ளே போனவர் ஓர் இந்தியர். இதை நம்ம ஊர்க்காரர்கள் நினைவில் வைத்திருக்கிறார்களா என்பது எனக்குச் சந்தேகம்தான். யூனியன் மன்னிப்புக் கேட்க 2013 வரை, ஐம்பது வருஷம் ஆனது.

ஒரு ஊரில் ஜெயித்ததால் எல்லா ஊரிலும் ஜெயித்ததாகாது. வுல்வர்ஹாம்ப்டன் நகர பஸ்களில் தலைப்பாகையோடு, தாடியோடு வேலை செய்யும் உரிமைக்காகச் சீக்கியர்கள் 1967 முதல் 1969 வரை போராட வேண்டியிருந்தது. 1965இல் வந்த இன உறவுச் சட்டம் பொது இடங்களை மட்டும் தொட்டது. வேலைவாய்ப்புக்கு 1968 சட்டம்தான் வந்தது. பிரிஸ்டல் போராட்டம் இந்தச் சட்டங்களுக்கு வழி திறந்ததாகச் சொல்வார்கள்.

அந்த வழியில் சாதி இன்னும் நுழையவில்லை. பிரிட்டனில் குடியேறிய இந்தியர்களிடையே சாதிப் பாகுபாடு இருக்கிறது என்று அங்குள்ள தலித் அமைப்புகள் பல ஆண்டுகள் சொல்லிவந்தன. சமத்துவச் சட்டத்தில் சாதியைச் சேர்க்க வேண்டும் என்று 2013இல் பாராளுமன்றமே விதித்தது. 2018இல் அரசாங்கம் அதைச் செய்யப் போவதில்லை என்று அறிவித்தது. சேர்க்கக் கூடாது என்று எதிர்த்தவர்களில் முன்னால் நின்றவை இந்து அமைப்புகள். நிறத்தடையை உடைத்த சட்டத்தின் நிழலில் நிற்பவர்களே சாதிக்கு அந்த நிழல் கூடாது என்கிறார்கள்.

வண்டி தானாக எதையும் கரைப்பதில்லை. டிக்கெட் வாங்கி ஏறும் உரிமை ஒன்று, டிக்கெட் கொடுக்கும் உரிமை இன்னொன்று. இதை வாசிக்கிற மாணவத் தோழர்களுக்கு ஒரு வேலை சொல்கிறேன். உங்கள் ஊர் டிப்போவுக்குப் போங்கள். வண்டியைக் கழுவுவது யார், ஓட்டுவது யார், டைம் ஆபீஸில் உட்கார்ந்து டியூட்டி போடுவது யார் என்று எண்ணிப் பார்த்து எழுதி அனுப்புங்கள்.