சாரம் வரை வந்த ரஷ்யக் கதைகள்

இவான், நடாஷா, அலியோஷா... இந்தப் பெயர்களைக் கேட்டால் தமிழ் வாசகர்கள் பலருக்கு ஏதோ தூரத்துச் சொந்தக்காரர் பெயரைக் கேட்ட மாதிரி இருக்கும். பனியைக் கண்ணால் பார்க்காதவர்கள்கூட ஸ்தெப்பி வெளியையும், சமோவாரில் கொதிக்கும் தேநீரையும் படித்தே தெரிந்து வைத்திருக்கிறார்கள். புதுச்சேரியை ஆண்டவர்கள் பிரெஞ்சுக்காரர்கள். சுற்றிலும் இருந்தவர்கள் ஆங்கிலேயர்கள். ரஷ்யர்கள் இங்கே ஒரு நாள்கூட ஆளவில்லை. அப்படியிருக்க, அவர்கள் கதை மட்டும் எப்படிச் சாரம், முத்தியால்பேட்டை வீட்டு அலமாரிகள் வரைக்கும் வந்தது?

இதற்கு விடை தேட வேண்டுமானால், ரஷ்யாவில் கதை எப்படி வளர்ந்தது என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

அடுப்பின் மேல் பிறந்த கதைகள்

ரஷ்யக் கிராமத்து வீடுகளில் பெரிய செங்கல் அடுப்பு உண்டு. குளிர்காலத்தில் அதன் மேலேயே படுத்துத் தூங்குவார்கள். ஆறு மாதம் பனி மூடிக் கிடக்கும் ஊரில் இரவு நீளம்; வேலை குறைவு. கதைக்கு வேறென்ன வேண்டும்? முப்பது வருடத்துக்கு மேல் நடக்க முடியாமல் உட்கார்ந்திருந்துவிட்டு, திடீரென்று எழுந்து மாவீரனாகும் இலியா முரோமெத்ஸ். கோழிக்கால் குடிசையில் வாழும் சூனியக்காரக் கிழவி பாபா யாகா. எல்லோரும் முட்டாள் என்று நினைக்க, கடைசியில் ஜெயிக்கும் இவான். வீரர்களைப் பற்றிய பாட்டுக் கதைகளுக்கு 'பிலினா' என்று பெயர். சாதாரண நாட்டுப்புறக் கதைக்கு 'ஸ்காஸ்கா'.

கவிஞர் புஷ்கின் (1799-1837) பிரபு குடும்பத்தில் பிறந்தவர். வீட்டில் பிரெஞ்சு பேசி வளர்ந்தவர். அவருக்கு ரஷ்யக் கதைகளைச் சொன்னது அரீனா ரொதியோனவ்னா என்ற செவிலித்தாய். பண்ணையடிமையாகப் பிறந்த பெண். அரசின் தண்டனையாகக் கிராமத்தில் அடைபட்டுக் கிடந்த 1824-26 காலத்தில், அவர் சொல்லச் சொல்லப் புஷ்கின் குறிப்பெடுத்துக்கொண்டார். அந்தக் கதைகள் பின்னாளில் அவருடைய கவிதைக் கதைகளுக்கு உரமாயின.

பிறகு வந்தவர் அஃபனாசியெவ். 1855 முதல் 1863 வரை, ஏறக்குறைய 600 நாட்டுப்புறக் கதைகளைத் தொகுத்து வெளியிட்டார். அதற்கு அவருக்குக் கிடைத்த பரிசு என்ன தெரியுமா? மதம் சார்ந்த நாட்டுப்புறக் கதைகளின் தொகுப்பு தடை செய்யப்பட்டது. 1862-ல் அரசு வேலை போனது. தன் நூலகத்தையே விற்று, வறுமையில், 1871-ல் காசநோயால் இறந்தார். அவர் சேகரித்த கொச்சையான கதைகளை ரஷ்யாவில் அச்சிடவே முடியவில்லை. ஜெனீவாவில் பெயர் போடாமல் வெளிவந்தன.

இந்த இடத்தில் புதுச்சேரிக்காரர்களுக்கு இன்னொருவர் ஞாபகத்துக்கு வராமல் இருக்க முடியாது. கி.ராஜநாராயணன்! இடைசெவலில் பிறந்து, 1989-ல் புதுவைப் பல்கலைக்கழகத்துக்கு வருகைதரு பேராசிரியராக வந்து, 2021-ல் இறக்கும்வரை இந்த ஊரிலேயே வாழ்ந்தவர். அவரும் ஊர் ஊராகக் கதை சேகரித்தார். கெட்ட வார்த்தைக் கதைகளையும் விடவில்லை. 'வயது வந்தவர்களுக்கு மட்டும்' என்று தலைப்பிட்டே வெளியிட்டார். அஃபனாசியெவுக்கு வேலை போனது. பள்ளிப் படிப்பைக்கூட முடிக்காத கி.ரா.வுக்குப் பல்கலைக்கழகம் நாற்காலி போட்டது. இரண்டும் ஒரே மாதிரி வேலைதான். காலமும் அரசும்தான் வேறு.

தணிக்கைக்கு நடுவே

ஜார் ஆட்சியில் பாராளுமன்றம் கிடையாது, பேச்சுரிமை கிடையாது, பொதுக்கூட்டம் கிடையாது. 1861 வரை இரண்டு கோடிக்கும் மேற்பட்ட மக்கள் பண்ணையடிமைகளாக இருந்தார்கள். அரசியல் பேச வழியில்லாததால் எல்லாக் கேள்வியும் நாவலுக்குள் நுழைந்தது. அடிமை முறை சரியா? கடவுள் உண்டா? திருமணம் என்பது என்ன? 'தடித்த பத்திரிகைகள்' என்று அழைக்கப்பட்ட மாத இதழ்களில் இவையெல்லாம் தொடர்கதையாக வந்தன. தஸ்தயேவ்ஸ்கியின் 'குற்றமும் தண்டனையும்' 1866-ல் அப்படி வந்த தொடர்தான்!

எழுத்தாளனுக்கு ஆபத்தும் அதே அளவுக்கு இருந்தது. புஷ்கினின் எழுத்தைத் தானே தணிக்கை செய்யப்போவதாக 1826-ல் ஜார் முதலாம் நிக்கலாய் சொன்னார். தஸ்தயேவ்ஸ்கி 1849 டிசம்பரில் துப்பாக்கிகளுக்கு முன்னால் நிறுத்தப்பட்டு, கடைசி நிமிடத்தில் சைபீரியாவுக்கு அனுப்பப்பட்டார். ஹெர்சன் என்ற எழுத்தாளர் வெளிநாட்டுக்குப் போய், 1857 முதல் லண்டனில் 'கோலகல்' (மணி) என்ற பத்திரிகையை அச்சிட்டு, ரகசியமாக ரஷ்யாவுக்குள் அனுப்பினார்.

எல்லைக்கு அந்தப்பக்கம் அச்சடித்து இந்தப்பக்கம் அனுப்புவது... இது புதுச்சேரிக்குத் தெரிந்த கதை அல்லவா? 1908-ல் சென்னையில் கைது வலை விரிந்தபோது பாரதியார் பிரெஞ்சு எல்லைக்குள் வந்தார். 'இந்தியா' பத்திரிகை அக்டோபர் முதல் இங்கிருந்து வெளிவந்தது. ஆங்கில அரசு தன் பகுதிக்குள் அதைத் தடுத்ததால் 1910 மார்ச்சில் நின்றுபோனது. ஹெர்சனுக்கு லண்டன் எப்படியோ, பாரதிக்குப் புதுவை அப்படி. 1917-ல் ஜார் வீழ்ந்த செய்தி வந்ததும் பாரதி 'புதிய ருஷியா' பாடியதும் புதுவை வாசத்தின்போதுதான்.

டால்ஸ்டாயும் திருக்குறளும்

போக்குவரத்து ஒரு வழிப்பாதையாக இருக்கவில்லை. 1908 டிசம்பரில் 'ஓர் இந்துவுக்குக் கடிதம்' என்று டால்ஸ்டாய் எழுதினார். வன்முறை இல்லாமல் விடுதலை பெறுவது பற்றிய அந்தக் கடிதத்தில் அவர் மேற்கோள் காட்டிய நூல்களில் ஒன்று திருக்குறள். இன்னா செய்யாமை அதிகாரம். அடுத்த ஆண்டு லண்டனில் அதைப் படித்த காந்தி, அனுமதி வாங்கித் தன் 'இந்தியன் ஒப்பீனியன்' இதழில் வெளியிட்டார். 1910-ல் ஜோகன்னஸ்பர்க் அருகே அவரும் நண்பர் காலன்பாக்கும் தொடங்கிய 'டால்ஸ்டாய் பண்ணை'யில் தங்கிப் போராடியவர்களில் தமிழர்கள் நிறையப் பேர்.

சாரத்திலிருந்து சைக்கிளில் போகும் தூரத்தில் ரோமன் ரோலண்ட் நூலகம் இருக்கிறது. 1827-ல் தொடங்கப்பட்ட பழைய நூலகம். அந்தப் பெயருக்கு உரிய பிரெஞ்சு எழுத்தாளர், மாணவராக இருந்தபோது டால்ஸ்டாய்க்குக் கடிதம் எழுதி, 1887-ல் நீண்ட பதிலும் பெற்றவர். 1911-ல் டால்ஸ்டாயின் வாழ்க்கை வரலாற்றை எழுதியவர். ஆக, அந்த நூலகத்தின் பெயர்ப்பலகைக்குப் பின்னாலும் ஒரு ரஷ்யர் நிற்கிறார்.

மாஸ்கோவில் அச்சான தமிழ்

1897 கணக்கெடுப்பில் ரஷ்யப் பேரரசில் எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள் 21 சதவீதம்தான். எழுத்தறிவின்மையை ஒழிக்க 1919-ல் சோவியத் அரசு ஆணை போட்டது. 1939 கணக்கெடுப்பில் 9 முதல் 49 வயது வரை உள்ளவர்களில் 87 சதவீதம் பேர் படிக்கத் தெரிந்தவர்கள். அதே வேகத்தில் உலக மொழிகளுக்கும் புத்தகம் போட்டார்கள். 1931-ல் அயல்மொழி நூல்களுக்காகத் தொடங்கிய நிறுவனம், பின்னர் முன்னேற்றப் பதிப்பகம் ஆனது. 1982-ல் இலக்கியத்துக்கென்று ராதுகா பிரிந்தது. அறிவியலுக்கு மீர்.

இதற்கு முன்பே தமிழில் ரஷ்ய எழுத்து இல்லாமல் இல்லை. புதுமைப்பித்தன் குப்ரினை மொழிபெயர்த்தார். கு.அழகிரிசாமி கார்க்கியை மொழிபெயர்த்தார். டி.எஸ்.சொக்கலிங்கம் 'போரும் வாழ்வும்' தந்தார். தொ.மு.சி.ரகுநாதன் கார்க்கியின் 'தாய்' நாவலைத் தமிழாக்கினார். 1936 ஜூலை 30 அன்று ஆலைத் தொழிலாளர்கள் மீது துப்பாக்கிச்சூடு நடந்து 12 பேர் உயிர்விட்ட ஊர் புதுச்சேரி. ஆலைத் தொழிலாளி பாவெலின் கதை இங்கே அந்நியமாகத் தோன்றியிருக்காது.

ஆனால் வெள்ளம் போல் வந்தது மாஸ்கோ புத்தகங்கள்தான். ரா.கிருஷ்ணையா, பூ.சோமசுந்தரம் போன்றவர்கள் இதற்காக உழைத்தார்கள். டால்ஸ்டாயின் 'புத்துயிர்ப்பு', தஸ்தயேவ்ஸ்கியின் 'வெண்ணிற இரவுகள்', செகாவ் கதைகள் கிருஷ்ணையா தந்தவை. பொலெவோயின் 'உண்மை மனிதனின் கதை', ஐத்மாத்தவின் 'ஜமீலா' சோமசுந்தரம் தந்தவை. 1951-ல் தொடங்கிய நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் இவற்றை ஊர் ஊராகக் கொண்டுபோய் விற்றது. கெட்டி அட்டை, வண்ணப்படம், கையில் இருக்கும் சில்லறைக்கு ஒரு புத்தகம்! மாணவர்கள் சொந்தமாக வாங்கிய முதல் புத்தகம் பெரும்பாலும் ரஷ்யப் புத்தகமாக இருந்ததற்குக் காரணம் இந்த விலைதான்.

சொல்லாமல் விட்டது

அப்படியானால் இதெல்லாம் வெறும் பிரச்சாரமா? இந்தக் கேள்வியைத் தாண்டிப் போக முடியாது.

சிங்கிஸ் ஐத்மாத்தவ் (1928-2008) எழுதிய 'முதல் ஆசிரியர்' தமிழில் மிகவும் விரும்பிப் படிக்கப்பட்ட குறுநாவல். அரைகுறைப் படிப்புள்ள தூய்ஷேன் என்ற இளைஞன், கிர்கீஸியக் கிராமம் ஒன்றில் குதிரைக் கொட்டிலைப் பள்ளிக்கூடமாக்குகிறான். அங்கே படித்த அனாதைச் சிறுமி பின்னாளில் பெரிய அறிஞராகிறாள். படித்தவர்கள் மறக்க மாட்டார்கள்.

அந்தப் புத்தகத்தில் இல்லாத ஒன்று உண்டு. ஐத்மாத்தவின் தந்தை தொரெகுல், கட்சியில் உயர் பொறுப்பில் இருந்தவர். ஸ்டாலின் காலத்தில் 1937-ல் கைதாகி, 1938-ல் சுட்டுக் கொல்லப்பட்டார். எங்கே புதைத்தார்கள் என்று குடும்பத்துக்குத் தெரியாது. 1991-ல் சோங்-தாஷ் என்ற இடத்தில் ஒரு மனிதப் புதைகுழியைத் தோண்டியபோது, எலும்புகளோடு கிடந்த குற்றப்பத்திரிகைக் காகிதத்தை வைத்துத்தான் அவரை அடையாளம் கண்டார்கள். மகனின் கதையை உலக மொழிகளில் எல்லாம் அச்சிட்ட அதே அரசுதான் தந்தையைக் கொன்றது.

மாஸ்கோவிலிருந்து வந்த பெட்டிகளில் இப்படி விடுபட்டவை நிறைய. முகாமில் 1938-ல் இறந்த கவிஞர் மந்தல்ஷ்தாம் வரவில்லை. 1958-ல் நோபல் பரிசை மறுக்கும்படி நிர்ப்பந்திக்கப்பட்ட பாஸ்தர்நாக்கின் 'டாக்டர் ஷிவாகோ' வரவில்லை. 1974-ல் நாடு கடத்தப்பட்ட சோல்ஷெனிட்சின் வரவில்லை. அங்கே வாசகர்கள் தட்டச்சு இயந்திரத்தில் கார்பன் தாள் வைத்துப் பிரதி எடுத்து, ரகசியமாகக் கைமாற்றிப் படித்தார்கள். அதற்கு 'சமீஸ்தாத்' என்று பெயர். நாட்டுக்கே இரண்டு இலக்கியம் இருந்தது. தமிழுக்கு வந்தது ஒன்று.

அதற்காக வந்ததைப் பொய் என்று தள்ளிவிட முடியுமா? செகாவின் வண்டிக்காரன் இறந்துபோன மகனைப் பற்றிக் கேட்க ஆளில்லாமல் தன் குதிரையிடம் சொல்கிறானே, அதில் என்ன பிரச்சாரம் இருக்கிறது? லாபம் மட்டும் பார்க்கும் எந்தப் பதிப்பகமும் கிர்கீஸிய மலைக் கிராமத்தின் கதையை அந்த விலைக்குத் தமிழில் கொடுத்திருக்காது. தணிக்கை செய்ததும் அந்த அரசு. கொடுத்ததும் அந்த அரசு. இரண்டையும் சேர்த்தே கணக்கில் எழுத வேண்டும்.

பெட்டி நின்ற பிறகு

1991-ல் சோவியத் யூனியன் கலைந்தது. அதோடு மாஸ்கோவின் தமிழ்ப் புத்தகங்களும் நின்றன. ஆனால் வாசிப்பு நிற்கவில்லை என்பதுதான் ஆச்சரியம். 2007-ல் எம்.ஏ.சுசீலா 'குற்றமும் தண்டனையும்' கொடுத்தார். பிறகு 'அசடன்' வந்தது. கவிஞர் புவியரசு 'கரமாசவ் சகோதரர்கள்' கொடுத்தார். இவற்றுக்குப் பின்னால் எந்த வல்லரசும் இல்லை. ஆங்கிலம் வழியாக வந்தவை. மாஸ்கோ பல்கலைக்கழகத்தில் பல்லாண்டுகள் தமிழ் கற்பித்த அலெக்சாந்தர் துபியான்ஸ்கி 2020 நவம்பரில் இறந்தார். அவரைப் போல் அந்தப் பக்கமும், ரஷ்ய மொழி நேரடியாகத் தெரிந்தவர்கள் இந்தப் பக்கமும் இருந்தால்தான் பாலம் நிற்கும்.

பழைய ராதுகா புத்தகங்களின் தாள் பழுப்பேறிவிட்டது. இன்னும் பல வீடுகளிலும் பழைய புத்தகக் கடைகளிலும் கிடக்கின்றன. கிடைத்தால் எடைக்குப் போட்டுவிடாதீர்கள். முதலில் செகாவ், அடுத்து 'முதல் ஆசிரியர்', பிறகு 'புத்துயிர்ப்பு' என்று படித்துப் பாருங்கள். படிக்கும்போது உள்பக்கத்தில் சின்ன எழுத்தில் இருக்கும் மொழிபெயர்ப்பாளர் பெயரையும் ஒருமுறை வாசியுங்கள்.