மார்க்சிய நூல்கள் தமிழுக்கு வந்த வழி

தத்துவ நூல் என்றால் தமிழ்நாட்டில் மடமும் பாடசாலையும் நினைவுக்கு வருவது இயல்பு. குருவின் முன்னிலையில் சீடன் அமர்ந்து, சூத்திரத்துக்கு உரையும் உரைக்கு விளக்கமும் கேட்டுத் தெளிவதே நெடுங்கால வழக்கமாக இருந்தது. மார்க்சின் தத்துவமோ அந்த வழியாக நம்மிடம் வரவில்லை. மடங்களுக்கு அது வேண்டாத சரக்கு. சர்க்கார் கலாசாலைகளுக்கோ அஞ்சத்தக்க சரக்கு. தணிக்கைக்குத் தப்பிய தபாலிலும், காலணா அரையணாப் பத்திரிகைகளின் பத்திகளிலும், சிறைச்சாலைக் கொட்டடிகளிலுமே அது தமிழுக்கு வந்து சேர்ந்தது. வந்த வழி இப்படிப்பட்டதாக இருந்தமையால், அதைப் படித்த முறையும் வேறாயிற்று.

இந்தச் சரித்திரத்தின் தொடக்கத்தில் நிற்பவர் ம. சிங்காரவேலர். 1860-ஆம் வருஷம் சென்னைக் கடற்கரையை அடுத்து மீனவர் குலத்தில் பிறந்து, வக்கீலாகி, பௌத்தத்திலும் விஞ்ஞானத்திலும் ஈடுபட்டு, ஒத்துழையாமைக் காலத்தில் வக்கீல் அங்கியைத் துறந்த அவர், தம் இல்லத்தில் பெரியதொரு நூல் நிலையத்தையே சேர்த்து வைத்திருந்தார். பெர்லினிலிருந்து இந்தியக் கம்யூனிஸ்ட் தலைவர் எம். என். ராய் அனுப்பிய பத்திரிகைகளும் கடிதங்களும் அவருக்கு வந்தன. போலீஸாரோ அவற்றை வழியிலேயே பிரித்துப் படித்துவிட்டுத்தான் போகவிட்டனர். அந்தக் கடிதங்களையே சாட்சியமாகக் கொண்டு 1924-இல் கம்யூனிஸ்டுகள்மீது கான்பூர் சதி வழக்கு எழுந்தபோது, சிங்காரவேலர் பெயரும் குற்றம் சாட்டப்பட்டவர்களின் ஜாபிதாவில் இடம்பெற்றது; தேகம் நலிந்திருந்தமையால் மட்டுமே அவர் விசாரணைக்குக் கொண்டுபோகப்படவில்லை. அதற்கு முந்திய வருஷம், 1923 மே முதல் நாளன்று, சென்னைக் கடற்கரையில் இந்தியாவின் முதல் மே தினத்தை நடத்தியவரும் அவரே. நூலைப் படித்தவர் நேரே தொழிலாளரிடம் போய் நின்றார் என்பதுதான் இதில் கவனிக்கத்தக்கது. 1928-ஆம் வருஷத்துத் தென்னிந்திய ரயில்வே வேலைநிறுத்தத்தை ஒட்டிச் சிறை சென்று மீண்ட பிறகு, அறுபதைக் கடந்து எழுபதை எட்டிய வயதில், அவர் எடுத்துக்கொண்ட ஆயுதம் பேனாவே.

அந்தப் பேனாவுக்கு இடம் கொடுத்தது ஈரோட்டில் பெரியார் நடத்திய ‘குடி அரசு’. 1848-இல் லண்டனில் ஜெர்மன் பாஷையில் வெளியான இருபத்துச் சொச்சம் பக்கத்துக் கம்யூனிஸ்ட் அறிக்கை, எண்பத்து மூன்று வருஷங்கள் கழித்து, 1931 அக்டோபரில் அந்த வாரப் பத்திரிகையிலே தமிழில் தொடர்ந்து வரலாயிற்று. அதற்குப் பெரியார் எழுதிய முகவுரை, வெறும் உபசாரமாக அமையவில்லை. பிற தேசங்களில் முதலாளி தொழிலாளி என்ற பேதம் முன்னிற்க, இந்நாட்டிலோ மேல்சாதி கீழ்சாதி என்னும் பேதமே முன்னிற்கிறது என்று அவர் அப்போதே எடுத்துக் காட்டினார். அயல்நாட்டுச் சித்தாந்தம் ஒன்றைத் தமிழன் கையில் கொடுக்கும்போதே, அதை அப்படியே விழுங்கிவிடாமல் தன் ஊர் நிலைமையோடு ஒப்பிட்டுப் பார் என்று சொல்லிக் கொடுத்த இந்த முகவுரையை, தமிழ் மார்க்சிய விவாதங்களுக்கெல்லாம் முதல் ஏடு என்று சொல்லலாம். அதன்பின் பெரியார் ஐரோப்பாவும் சோவியத் ருஷ்யாவும் சென்று திரும்பியதும், 1932-இன் இறுதியில் சிங்காரவேலர் துணையோடு சமதர்மக் கொள்கை கொண்ட ஈரோட்டுத் திட்டம் உருவானதும் பலரும் அறிந்தவை.

சர்க்கார் வாளாவிருக்கவில்லை. துறைமுகத்தில் கடல் சுங்கச் சட்டமும், உள்நாட்டில் அச்சகச் சட்டமும் காவல் நின்றன. ஜாமீன் தொகை கட்டு என்று அச்சகத்தாருக்கு உத்தரவு வரும். கட்டிய தொகை பறிமுதலானால், எளிய பத்திரிகையின் ஆயுள் அன்றோடு முடிந்துவிடும். 1933-இல் ‘குடி அரசு’ எழுதிய ஒரு தலையங்கத்துக்காகப் பெரியாரும், அதன் வெளியீட்டாளரான அவர் தங்கை கண்ணம்மாளும் தண்டனை பெற்றனர். லாகூர்ச் சிறையில் பகத்சிங் எழுதிய நாத்திகக் கட்டுரையைத் தமிழாக்கியதற்காக ப. ஜீவானந்தமும், அதை வெளியிட்டதற்காகப் பெரியாரின் தமையன் ஈ. வெ. கிருஷ்ணசாமியும் கைதாயினர். சிறையில் எழுதப்பட்ட ஏடு, மொழிபெயர்த்தவரையும் சிறைக்கு அழைத்துச் சென்றது.

சிறைக்கும் இந்நூல்களுக்கும் உள்ள சம்பந்தம் இத்துடன் நிற்கவில்லை. ரங்கூனிலிருந்து ‘ஜோதி’ பத்திரிகையை நடத்திய வெ. சாமிநாத சர்மா, 1942-இல் ஜப்பானியப் படை நெருங்கியபோது கால்நடையாகவே பர்மாவைக் கடந்து தாயகம் வந்து, கார்ல் மார்க்சின் வாழ்க்கையையும் உலக அரசியலையும் சலியாது எழுதிவந்தார். அவரோடு ‘ஜோதி’யில் பணிபுரிந்த கண. முத்தையாவோ பர்மாவிலேயே தங்கி, நேதாஜியின் படையோடு சேர்ந்து, யுத்தம் முடிந்ததும் சிறைப்பட்டார். அங்கே அவர் தமிழில் பெயர்த்த நூல் ராகுல சாங்கிருத்யாயனின் ‘வால்காவிலிருந்து கங்கை வரை’. மனித சமுதாயத்தின் சரித்திரத்தை வர்க்கக் கண்கொண்டு கதைகளாகச் சொல்லும் அந்நூலை, ராகுல்ஜி எழுதியதும் ஹஜாரிபாக் சிறையில்தான். ஒரு சிறையில் பிறந்து மற்றொரு சிறையில் தமிழான இந்நூல், தத்துவத்தின் பெயரைக் கேட்டாலே ஒதுங்கும் வாசகர்களையும் தன்பால் இழுத்தது. பல தமிழ் இளைஞர்கள் மார்க்சியத்துக்குள் நுழைந்த வாயில் மார்க்ஸ் எழுதிய நூலாக அமையாமல், இந்தக் கதை நூலாகவே அமைந்தது.

சுதந்தரத்துக்குப் பிறகும் தடையும் தலைமறைவும் சில வருஷங்கள் நீடித்து, 1951-இல் சென்னையில் நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் தோன்றிய பிறகுதான் இந்நூல்களுக்கு நிலையான கடை கிடைத்தது. மாஸ்கோவில் 1931-இல் அயல்நாட்டுத் தொழிலாளர் பதிப்புக் கூட்டுறவாகத் தொடங்கி, 1963-இல் முன்னேற்றப் பதிப்பகம் என்று பெயர் கொண்ட பிரசுராலயத்தில் தமிழுக்கும் ஓர் இடம் உண்டாயிற்று; ரா. கிருஷ்ணையா, பூ. சோமசுந்தரம், நா. தர்மராஜன் முதலியோர் அதற்காக மொழிபெயர்த்தனர். அப்புத்தகங்களில் ஒன்றைக் கையில் எடுத்துப் பாருங்கள்: உறுதியான கட்டு, வழவழப்பான மேலட்டை, ருஷ்ய மண்ணில் அச்சான தமிழ் எழுத்துக்கள். கடைசிப் பக்கத்திலோ, மொழிபெயர்ப்பையும் அமைப்பையும் பற்றிய அபிப்பிராயத்தை எழுதி அனுப்புமாறு வாசகரை வேண்டும் ஒரு குறிப்பும், மாஸ்கோவின் சூபவ்ஸ்கி புல்வார் விலாசமும் இருக்கும். நியூ செஞ்சுரியின் நடமாடும் புத்தகக் கடை, ஊர் ஊராகச் சென்று இவற்றை விற்றது. விலையோ சில ரூபாய். சில பிரதிகளுக்கு அதுவும் இல்லை. அந்த விலைக்கு அந்தக் காகிதம்கூடக் கிடைக்காது என்பது வாங்கியவருக்கும் தெரியும். சோவியத் சர்க்காரின் மானியமே அதன் ரகசியம்.

வாங்கியவர் யாவரும் படித்தனரா என்பது வேறு கேள்வி. லெனின் தொகுதிகள் பல வீடுகளில் தூசி படிந்தே கிடந்தன. படிக்கப்பட்ட நூல்களுக்குப் பின்னால், படித்துச் சொன்ன ஒருவர் இருந்தார் என்பதே விஷயம். ஆலைத் தொழிலாளர் குடியிருப்பிலும் கிராமத்து மாட்டுக் கொட்டகையிலும் இரவு வேளையில் நடந்த அரசியல் வகுப்புகளில், ஒருவர் வாசிக்க மற்றவர் கேட்க, உபரி மதிப்பு என்னும் கடினமான விஷயம் உழுதவன் கூலிக்கும் மிராசுதார் களஞ்சியத்துக்கும் உள்ள கணக்காக விளக்கப்பட்டது. மேடையிலே கம்பனையும் பாரதியையும் சொல்லி, அதே மூச்சில் மார்க்சையும் சொன்ன ஜீவானந்தத்தின் பேச்சு, எத்தனையோ நூல்கள் செய்யாத வேலையைச் செய்தது. நெல்லையில் நா. வானமாமலையும் யாழ்ப்பாணத்து க. கைலாசபதியும் கா. சிவத்தம்பியும் ஒரு படி மேலே சென்று, மார்க்சிய முறையைக் கொண்டு நாட்டுப் பாடல்களையும் சங்கச் செய்யுட்களையும் நாவலையும் ஆராய்ந்தபோது, இரவல் சித்தாந்தமாக வந்தது தமிழாராய்ச்சியின் ஒரு கருவியாகவே ஆயிற்று.

1991-இல் சோவியத் ஒன்றியம் கலைந்ததும், மாஸ்கோத் தமிழ் நூல்களின் வரத்து நின்றது. தமிழில் மார்க்சிய நூல்களின் காலமும் அத்துடன் முடிந்தது என்று எண்ணியவர் உண்டு. ஆனால் மார்க்சின் தலையாய நூலாகிய ‘மூலதன’த்தைத் தமிழில் தர முயன்றவர்கள் மாஸ்கோவை எதிர்பார்த்து இருந்தவர்கள் அல்லர். சுதந்தரப் போராட்ட வீரரான க. ரா. ஜமதக்னி தம் சொந்த முயற்சியில் அதை மொழிபெயர்த்தார். நெடுங்காலம் சிறையிலிருந்த தியாகுவும் அங்கிருந்தபடியே அப்பணியைத் தொடங்கினார். மானியம் நின்ற பின்னும் அம்மொழிபெயர்ப்புகள் அச்சேறின; இன்றும் வாங்கப்படுகின்றன.

இவற்றையெல்லாம் சேர்த்துப் பார்க்கும்போது ஒன்று தெளிவாகிறது. தடை இந்நூல்களைக் கொன்றுவிடவில்லை. மலிவு விலை மட்டும் அவற்றை வாழ வைத்துவிடவும் இல்லை. தன் ஊர் வழக்கோடு வைத்துப் படித்தவனும், படித்ததைப் பக்கத்திலிருப்பவனுக்குச் சொன்னவனுமே அவற்றுக்கு ஆயுளைத் தந்தனர். ஆகையால், இந்நூல்களை ஒப்புக்கொள்வோரும் மறுப்போரும், அலமாரியில் இருப்பதை ஒருமுறை எடுத்து, நாலு பேரோடு கூடியிருந்து வாசித்து, அதன்பின் தம் தீர்ப்பைச் சொல்வார்களாக.