எர்த்ஸீயின் மெய்ப்பெயர்: படைத்தவரே திருத்திய ஒரு தத்துவம்

கற்பனை உலகம் படைக்கிறவர்கள் அதற்கு வரைபடம் போடுவார்கள், மொழி செய்வார்கள், கடவுள்களையும் வைப்பார்கள். ஆனால் தாங்கள் செய்துவைத்த மெய்ஞ்ஞானத்துக்குள் பல வருசம் கழித்துத் திரும்பிப் போய், ‘இது ஆருக்கு வசதியா இருந்தது?’ எண்டு கேட்டவர்கள் குறைவு. அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா லெ குவின் கேட்டவர். அவருடைய எர்த்ஸீ கதைகள் எண்டதும் எல்லாரும் டிராகன்களையும் மந்திரப் பள்ளிக்கூடத்தையும்தான் சொல்லுவினம். ஹாரி பொட்டருக்கு 29 வருசம் முந்தியே, 1968இல் வந்த பள்ளிக்கூடம். எனக்குப் பெரிதாகப் படுவது, அங்கே கற்பிக்கப்பட்ட தத்துவத்துக்கும் ஒரு வரலாறு இருக்கிறது என்பது.

எர்த்ஸீ முழுக்கத் தீவுகளால் ஆன உலகம். ஆதியில் செகோய் பெயர்களைச் சொல்லித்தான் தீவுகளைக் கடலிலிருந்து எழுப்பினார். அந்த ஆதிமொழியில் ஒவ்வொரு கல்லுக்கும் மீனுக்கும் மனிதருக்கும் ஒரு மெய்ப்பெயர் உண்டு. அது தெரிந்தவருக்கு அந்தப் பொருள் மேல் அதிகாரம் உண்டு. ஆகவே எல்லாரும் மெய்ப்பெயரை ஒளித்து, வேறொரு புழங்குபெயரோடு வாழ்கிறார்கள். எங்கட வீட்டுப்பெயர், பதிவுப்பெயர் மாதிரி இல்லை. இதில் மெய்ப்பெயரை ஒருவரிடம் சொல்வது உயிரைக் கையில் கொடுப்பதற்குச் சமம். கதாநாயகனை ஊர் ‘வல்லூறு’ என்று கூப்பிடுகிறது. கெட் என்பது அவனுடைய மெய்ப்பெயர். (தமிழில எழுதேக்க கெட்டவன் மாதிரித்தான் கேக்குது, என்ன செய்யிறது.)

இதோடு சேர்ந்தது சமநிலை. ஒரு தீவுக்கு மழையை அழைத்தால் இன்னொரு தீவு வரண்டு போகலாம். அதனால் உண்மையான மந்திரவாதி தேவையில்லாமல் எதையும் அசைக்கமாட்டார். கெட்டின் முதல் குரு ஓகியன் நில நடுக்கத்தையே அடக்கியவர். ஆனால் மழை பெய்தால் மரத்தடியில் நனைந்துகொண்டு படுத்திருப்பார். மழையைத் திருப்பிவிட ஒரு சொல் போதுமே எண்டு கெட்டுக்கு எரிச்சல் வரும்.

ஓகியனை எங்கேயிருந்து எடுத்தார் என்பது ஓரளவு தெரிந்ததே. லெ குவினின் தகப்பன் அல்ஃப்ரெட் குரோபர் கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தில் மானிடவியலாளர். வீட்டில் லாவோ சூவின் தாவோ தே ஜிங், 1898இல் போல் கேரஸ் வெளியிட்ட பதிப்பு, இருந்தது. தன் மரணச் சடங்கில் வாசிக்கவேண்டிய பகுதிகளைத் தகப்பன் அதில் குறித்துவைத்ததைப் பார்த்த நினைவை லெ குவின் எழுதியிருக்கிறார். 1997இல் அந்த நூலைத் தானே ஆங்கிலத்தில் கொண்டுவந்தார். வலிந்து செய்யாமை, தண்ணீர் போல் தாழ்ந்து போவது என்பதெல்லாம் ஓகியனிடம் அப்படியே இருக்கின்றன.

அந்தக் குடும்பத்தில் இன்னொரு கதையும் இருந்தது. 1911 ஓகஸ்டில் ஓரோவில் என்ற ஊரருகே பசியோடு ஒரு மனிதர் வெளிப்பட்டார். யாஹி மக்களில் மிஞ்சிய கடைசி ஆள். மற்றவர்கள் வெள்ளைக் குடியேறிகளின் படுகொலைகளாலும் பட்டினியாலும் நோயாலும் அழிந்துபோயிருந்தார்கள். குரோபரும் கூட இருந்தவர்களும் அவரைப் பல்கலைக்கழக அருங்காட்சியகத்தில் தங்கவைத்தார்கள். அவர் தன் பெயரை ஒருநாளும் சொல்லவில்லை. யாஹி வழக்கில் சொந்தப் பெயரை அந்நியரிடம் தானே சொல்வதில்லை. இன்னொரு யாஹிதான் அறிமுகம் செய்யவேணும். அப்படி ஒருவரும் உயிரோடு இல்லை. குரோபர் அவரை ‘இஷி’ என்று கூப்பிட்டார். யானா மொழியில் மனிதன் என்று பொருள். 1916இல் காசநோயில் இறந்தார்.

லெ குவின் பிறந்தது 1929இல். தாய் தியடோரா குரோபர் இஷியின் வரலாற்றை 1961இல் நூலாக்கினார். 1964இல் எர்த்ஸீயின் முதல் இரண்டு சிறுகதைகள் வருகின்றன. ஒன்றின் தலைப்பே பெயர்களின் விதி பற்றியது. இதிலயிருந்துதான் அது வந்தது எண்டு நான் அடிச்சுச் சொல்லேல்லை. இரகசியப் பெயரில் அதிகாரம் இருக்கிறது என்ற நம்பிக்கை பழைய எகிப்தின் ஐசிஸ் கதையிலேயே உண்டு. ஆனால் பெயரை இழப்பதன் துக்கம் எகிப்தியக் கதையில் இல்லை, எர்த்ஸீயில் இருக்கிறது. 1971இல் வந்த இரண்டாவது நாவலின் டெனார், சிறு பிள்ளையாகக் கோயிலுக்குக் கொடுக்கப்பட்டுப் பெயர் பறிக்கப்பட்டவள். கெட் அவளுக்குத் திருப்பிக் கொடுக்கிற பெரிய பொருள் அவளுடைய பெயர்தான்.

முதல் மூன்று நூல்கள் 1972இல் முடிந்தன. தத்துவம் அழகாக, மூடிய வட்டமாக இருந்தது. ஒரு ஓட்டை மட்டும்: ரோக் தீவுப் பள்ளியில் பெண்களுக்கு இடமில்லை. கிராமத்து மந்திரக்காரிகளின் வித்தை பலவீனமானது, பொல்லாதது எண்டு ஊரே சொல்லும். சமநிலை பற்றி அவ்வளவு பேசிய ஆசிரியர்கள் இந்தச் சமநிலையின்மையைக் கவனிக்கவேயில்லை. எழுதின லெ குவினும் அப்போது கவனிக்கவில்லை. 1990இல் வந்த ‘டெஹானு’வில் கெட் ஆற்றல் முழுவதையும் இழந்து வருகிறான். டெனார் ஒரு விவசாயியின் விதவை. நெருப்பில் தள்ளப்பட்டு முகமும் கையும் எரிந்துபோன ஒரு பிள்ளையை அவள் வளர்க்கிறாள். ரோக்கின் மெய்ஞ்ஞானத்தால் அந்தப் பிள்ளைக்கு ஆகக்கூடியது ஒன்றுமில்லை. ‘வலிந்து செய்யாதே’ என்பது ஓகியனின் வாயில் பணிவு. அதே சொல் அதிகாரத்தில் இருக்கிறவையின்ர வாயில வரேக்க, எதையும் மாத்தாதே எண்ட கட்டளை.

2001இல் வந்த கதைத் தொகுப்பில் இன்னும் கடுமையாகப் போகிறார். ரோக் பள்ளியைத் தொடங்கியவர்களில் பெண்கள் முக்கியமானவர்கள். பின்னால் வந்த ஆண்கள் அவர்களை வெளியேற்றி, தொடக்கத்திலிருந்தே இப்படித்தான் எண்டு நம்பவும் வைத்துவிட்டார்கள். கற்பனை உலகத்துக்கும் ஆவணக்காப்பகம் போய்த் தேடிப் பார்க்கவேண்டியிருக்கு! அதே வருசம் கடைசி நாவலில் மெய்ப்பெயரே கேள்விக்குள்ளாகிறது. இறந்த பின்னும் பெயரை விடாமல் வைத்திருக்க ஆசைப்பட்ட மந்திரவாதிகள், டிராகன்களுக்குரிய வெளியைப் பிடித்து மதில் கட்டியிருந்தார்கள். அந்த வறண்ட நிலத்தில் இறந்தவர்கள் ஒருவரையொருவர் தொடாமல் நின்றார்கள். மதிலை இடிக்கும்போது அவர்கள் பெயரையும் விட்டுவிட்டுக் காற்றோடு போகிறார்கள்.

வாசிக்கத் தொடங்கிறவை மூன்றாவதோட நிப்பாட்டாதேங்கோ. நாலாவதில் சண்டை குறைவு. பாத்திரம் கழுவுறதும் ஆடு மேய்க்கிறதும்தான் கனக்க வரும். கொஞ்சம் பொறுமையா வாசியுங்கோ.