ஒரே வகுப்பு, இரண்டு சம்பளம்



பொங்கலுக்கு என் பழைய மாணவிகள் இருவர் வீட்டுக்கு வந்திருந்தார்கள். இருவரும் அரசுப் பள்ளி இடைநிலை ஆசிரியைகள். ஒருத்தி 2009 பிப்ரவரியில் வேலையில் சேர்ந்தவள், மற்றவள் அதே ஆண்டு ஆகஸ்டில். ஒரே பட்டயப் படிப்பு, ஒரே பாடநூல். "ஆறு மாசம்தானே சார் வித்தியாசம்? எனக்கு மட்டும் ஏன் சார் இவ்வளவு குறைச்சல்?" என்று இரண்டாமவள் கேட்டாள். காபி குடித்து முடிப்பதற்குள் சொல்லக்கூடிய பதில் அல்ல. அதனால் இங்கே எழுதுகிறேன்.

நீண்ட போராட்டங்களுக்குப் பிறகு 1.6.1988 முதல் தமிழக ஆசிரியர்களுக்கு மத்திய அரசுக்கு இணையான ஊதியம் கிடைத்தது. 1996 ஊதியத் திருத்தத்திலும் அது தொடர்ந்தது. இடைநிலை ஆசிரியருக்கு அங்கும் இங்கும் தொடக்கச் சம்பளம் 4,500 ரூபாய்.

ஆறாவது ஊதியக் குழுவில் அந்த இணை அறுந்தது. மத்திய அரசு தன் தொடக்கப்பள்ளி ஆசிரியரை 9,300 - 34,800 என்ற ஊதியக் கட்டில், 4,200 தர ஊதியத்தில் வைத்தது. நம் மாநிலத்தின் 1.6.2009 அரசாணை 5,200 - 20,200 கட்டும் 2,800 தர ஊதியமும் கொடுத்தது. இந்த இழப்பு இடைநிலை ஆசிரியர் எல்லோருக்கும் பொது.

அடுத்ததுதான் அவள் கேட்ட கேள்விக்கான பதில். ஏற்கெனவே பணியில் இருந்தவரின் பழைய அடிப்படைச் சம்பளத்தை 1.86 ஆல் பெருக்கினார்கள். கரும்பலகையில் போடுவது போலப் போட்டுப் பாருங்கள்: 4,500 × 1.86 = 8,370. தர ஊதியம் 2,800 சேர்த்தால் 11,170. பிப்ரவரியில் சேர்ந்தவளுக்கு இது கிடைத்தது. ஆகஸ்டில் சேர்ந்தவளுக்குப் பெருக்குவதற்குப் பழைய சம்பளமே இல்லை. எனவே கட்டின் அடிமட்டமான 5,200 உடன் 2,800 சேர்த்து 8,000. வித்தியாசம் 3,170 ரூபாய்.

இந்தச் சிக்கல் மத்திய அரசுக்கும் வந்திருக்கும். அவர்கள் 2008 விதிகளிலேயே புதிதாகச் சேர்பவர்களுக்கென்று தனி அட்டவணை போட்டுவிட்டார்கள். அதன்படி 2,800 தர ஊதியத்தில் புதிதாக வருபவரின் தொடக்கம் 8,560 + 2,800 = 11,360. நாம் கட்டையும் பெருக்கலையும் எடுத்துக்கொண்டோம், அந்த அட்டவணையை விட்டுவிட்டோம். வேலையிலோ தகுதியிலோ குறை இல்லை, 31.5.2009 என்ற தேதிக்குப் பின்னால் வந்ததுதான் குறை.

ஒருமுறை விழுந்த பள்ளம் தானாக மூடுவதில்லை. ஆண்டுக்கு 3 சதவீத ஊதிய உயர்வு கூடிய அடிப்படைக்குக் கூடுதலாகவும் குறைந்த அடிப்படைக்குக் குறைவாகவும்தான் வரும். ஏழாவது ஊதியக் குழுவில் எல்லோரையும் 2.57 ஆல் பெருக்கியபோது அந்த 3,170 மட்டுமே 8,147 ஆனது. அதன் மேல் அகவிலைப்படி வேறு.

சம வேலைக்குச் சம ஊதியம் என்பது அரசமைப்புச் சட்டத்தின் 39ஆவது பிரிவிலேயே உள்ள நெறி. டெல்லி காவல்துறை ஓட்டுநர் ஒருவரின் வழக்கில் 1982இல் உச்ச நீதிமன்றமும் அதை வலியுறுத்தியது. இந்த ஆசிரியர்களும் 2018 டிசம்பரில் சென்னையில் உண்ணாவிரதம் இருந்தார்கள். 2022 டிசம்பரில் மீண்டும் இருந்தார்கள். 2023 புத்தாண்டு நாளில் மூவர் குழு அறிவிக்கப்பட்டது. குழுக்கள் வந்தன, பள்ளம் இருந்த இடத்திலேயே இருந்தது.

ஒன்றை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். 2009இல் அந்த அரசாணை வந்த அன்று நாங்கள் மூத்த ஆசிரியர்கள் ஓய்வறையில் உட்கார்ந்து கணக்குப் போட்டோம். எதை? எங்கள் நிலுவைத் தொகையை. இனி வரப்போகிற பிள்ளைகளுக்கு என்ன சம்பளம் என்று அந்த அறையில் ஒருவர்கூடக் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. 1988இல் எங்களுக்காகத் தெருவில் நின்றவர்கள் எங்களுக்கு முந்தைய தலைமுறை. அந்தக் கடனை நாங்கள் அடுத்த தலைமுறைக்குத் திருப்பிச் செலுத்தவில்லை.

"அப்போ உங்களுக்குத் தெரியாதா சார்?" என்று அவள் கேட்டாள். தெரிந்துகொள்ள முயலவில்லை அம்மா என்பதுதான் உண்மை. புதிய ஊதியக் குழு அறிக்கை வரும்போது, பணியில் இருக்கும் என் மாணவர்கள் தங்கள் வரியைப் பார்த்த பிறகு, புதிதாகச் சேர்பவர்களின் வரியையும் ஒருமுறை பாருங்கள்.

அன்புடன்,
உங்கள் ஆசிரியர்