நம்முள் ஒரு கள்ளன்

'அமங் அஸ்' என்னும் இணைய ஆட்டத்தைக் கைப்பேசியில் இறக்கி வைத்திருக்கும் சொல்லன்பர்கள், அச்செயலியின் உட்பெயரை ஒருமுறை தேடிப் பார்க்கலாம். ஆண்ட்ராய்டு கைப்பேசிகள் அதை அடையாளம் காணும் பெயரில் 'அமங் அஸ்' இல்லை. 'ஸ்பேஸ்மாஃபியா' என்னும் வேறொரு பெயர் இருக்கிறது. அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் ரெட்மண்ட் நகரிலுள்ள இன்னர்ஸ்லாத் என்னும் சிறு நிறுவனம் 2018 ஜூனில் இவ்வாட்டத்தை வெளியிட்டது. உருவாகி வந்த நாளில் அதற்கு இட்டிருந்த பெயர் வெளியே மாறிவிட்டது, உள்ளே மாறவில்லை. ஆளுக்குள் ஆள் ஒளிந்திருப்பதே கருவாக உள்ள ஆட்டம், பெயருக்குள்ளும் ஒரு பெயரை ஒளித்து வைத்திருக்கிறது. அந்தப் பழம்பெயரைப் பிடித்துக்கொண்டு பின்னோக்கி நடந்தால் சிசிலித் தீவு வரையில் போகலாம். முன்னோக்கி வந்தால் தொல்காப்பியரின் சொல்லதிகாரத்தில் வந்து நிற்கலாம்.

ஆடாதவர்களுக்காக ஆட்டத்தைச் சில வரிகளில் சொல்லிவிடுகிறேன். வண்ண வண்ண உடுப்பணிந்த சிலர் ஒரு விண்கலத்தில் சின்னச் சின்ன வேலைகளைச் செய்துகொண்டிருப்பார்கள். அவர்களுள் ஒருவரோ இருவரோ மூவரோ மறைவில் மற்றவர்களைக் கொல்பவர்கள். உடலைக் கண்டவர் கூட்டத்தைக் கூட்ட, எல்லோரும் பேசி, ஐயுற்று, மறுத்து, வாக்களித்து, மிகுதியான வாக்குப் பெற்றவரை வெட்டவெளியில் தள்ளுவார்கள். 2020இல் உலகமே வீட்டுக்குள் அடைபட்டிருந்தபோது, ஊருக்கொருவராய்ச் சிதறிக் கிடந்த நண்பர்கள் குரலழைப்பில் ஒன்றுகூடி இதை ஆடினார்கள். இரண்டு ஆண்டுகள் ஏறிட்டுப் பார்ப்பாரின்றிக் கிடந்த ஆட்டம் அவ்வாண்டில்தான் பெரும்புகழ் பெற்றது.

முதலில் மாஃபியாவை எடுத்துக்கொள்வோம். 'மணல் மாஃபியா', 'நில மாஃபியா' என்று நம் நாளிதழ்கள் இச்சொல்லை நன்றாகவே பழக்கியிருக்கின்றன. அதைத் தமிழில் எழுதும்போது நடுவே வந்து அமரும் ஆய்தத்தைக் கொஞ்சம் நின்று பாருங்கள். குற்றெழுத்தை அடுத்து, உயிரேறிய வல்லினத்துக்கு முன்னே வருவதே ஆய்தத்தின் இயல்பு. அஃது, எஃகு, பஃறுளி என எதை எடுத்தாலும் அப்படித்தான். 'மாஃபியா'வில் அது நெட்டெழுத்தை அடுத்து உட்கார்ந்திருக்கிறது. வந்த சொல்லுக்காக நம் எழுத்து தன் இடத்தை விட்டுக் கொடுத்திருக்கிறது. இதைக் குறையென்று நான் கொள்ளவில்லை, ஆனால் இப்படியொரு விட்டுக்கொடுத்தல் நடந்திருப்பதைத் தெரிந்துகொண்டே எழுத வேண்டும்.

சிசிலியில் அச்சொல்லின் பழம்பொருளைக் கேட்டால் வியப்பாக இருக்கும். பத்தொன்பதாம் நூற்றாண்டில் சிசிலி நாட்டார் வழக்காறுகளைத் தொகுத்த ஜுசெப்பே பித்ரே, பலெர்மோ நகரின் போர்கோ பகுதியில் அச்சொல் அழகையும் மிடுக்கையும் நேர்த்தியையும் குறித்ததாகப் பதிவு செய்திருக்கிறார். எடுப்பான பெண்ணுக்கும் அச்சொல், நன்றாக அமைந்த வீட்டுக்கும் அச்சொல், தெருவில் கூவி விற்ற நல்ல துடைப்பத்துக்கும் அச்சொல். அதிலிருந்து நெஞ்சை நிமிர்த்தி நடப்பவன், யாருக்கும் அஞ்சாதவன் என்று பொருள் நகர்ந்தது. பிறகு 1863இல் 'விக்காரியாவின் மாஃபியூசிகள்' என்னும் பொருள்படும் தலைப்பில் ஒரு நாடகம் மேடையேறிற்று. விக்காரியா என்பது பலெர்மோவின் சிறைச்சாலை. நாடக மாந்தர் அங்கே அடைபட்டிருந்த கூட்டாளிகள். நாடகம் ஊர் ஊராகப் போகப் போக, சொல்லும் சிறைக்கூட்டத்தின் நாற்றத்தை ஏற்றுக்கொண்டு போயிற்று. 1865இல் பலெர்மோவின் ஆட்சியர் குவால்தேரியோ தம் அரசுக்கு எழுதிய அறிக்கையில் குற்றக் கூட்டத்தின் பெயராகவே அது இடம்பெற்றுவிட்டது. பிறர் கண்ணில் படும்படி மிடுக்காக நடப்பதைக் குறித்த சொல், யார் கண்ணிலும் படாத மறைகூட்டத்தின் பெயராக முற்றிலும் கவிழ்ந்துபோன இந்த மாற்றம், பொருள்மாற்றங்களைத் தேடித் திரிவோருக்கு ஒரு விருந்து.

இதன் வேரை அரபியில் தேடுவோர் பலர் உண்டு. சிசிலியை அரபியர் நெடுங்காலம் ஆண்டதால் அது நடக்கக்கூடியதே. ஆனால் அவர்கள் காட்டும் வேர்கள் ஒன்றோடொன்று ஒத்துவரவில்லை. 1282இல் பிரெஞ்சியருக்கு எதிராகச் சிசிலியர் எழுந்த கலகத்தின் முழக்கமொன்றின் முதலெழுத்துகளே இச்சொல்லாயின என்னும் கதையை அறவே தள்ளிவிடலாம். முதலெழுத்துகளைக் கோத்துச் சொல்லாக்குவது அண்மைக்கால வழக்கம். சொல் பிறந்த பிறகு அதற்குப் பொருத்தமாக விரிவு கற்பிக்கும் இவ்விளையாட்டு எல்லா மொழிகளிலும் நடக்கிறது, நம்மிடத்திலும் குறைவில்லை.

சிசிலியின் சொல் ஆட்டத்தின் பெயரானது மாஸ்கோவில். 1980களின் பிற்பாதியில் மாஸ்கோ அரசுப் பல்கலைக்கழகத்தின் உளவியல் துறையில் திமித்ரி தவிதோவ் என்பவர் மாணவரிடையே, நம் ஆட்டத்துக்கு முன்னோடியான 'மாஃபியா' ஆட்டத்தைத் தொடங்கினார். உண்மை அறிந்த சிலருக்கும் உண்மை அறியாத பலருக்கும் இடையே நடக்கும் போர் என்பதே அவர் வகுத்த அடிப்படை. இரவில் எல்லோரும் கண்மூட, மாஃபியாக்கள் மட்டும் கண்விழித்து ஒருவரைக் கொல்வார்கள். பகலில் எல்லோரும் பேசி ஒருவரை வெளியேற்றுவார்கள். 1997இல் ஆண்ட்ரூ பிளாட்கின் என்னும் அமெரிக்கர் இதற்கு வேறு வேடம் இட்டார். பகலில் ஆளாகவும் இரவில் விலங்காகவும் திரிபவனே மறைபகைவனுக்குப் பொருத்தம் என்று கருதி 'வேர்வுல்ஃப்' என்று பெயர் மாற்றினார்.

வேர்வுல்ஃபின் 'வேர்' பழைய ஆங்கிலத்தில் ஆண்மகனைக் குறிக்கும் சொல், 'வுல்ஃப்' ஓநாய். மனிதவோநாய் என்று அப்படியே பிரித்துப் பொருள் கொள்ளலாம். இன்றைய ஆங்கிலத்தில் அந்த 'வேர்' தனியாக வழங்குவதில்லை, இக்கூட்டுச்சொல் போன்ற சிலவற்றுக்குள் மட்டும் உயிர்பிழைத்திருக்கிறது. பிரெஞ்சில் இதே சொல் இன்னும் சுவையான வடிவில் இருக்கிறது. அங்கே 'லூ-கரூ' என்பார்கள். 2001இல் அங்கு வெளிவந்து பெயர்பெற்ற சீட்டாட்டத்துக்கும் இதுதான் பெயர். 'லூ' என்றால் ஓநாய். 'கரூ' என்பதோ அந்தப் பழைய செருமானிய மனிதவோநாய்ச் சொல்லே தேய்ந்து திரிந்த வடிவம். ஆக, ஓநாய் இருமுறை வந்துவிட்டது. நாண் என்றாலே கயிறுதான், ஆயினும் அரைஞாண்கயிறு என்கிறோமே, அதே கதைதான். உள்ளே பொருள் மங்கிவிட்ட சொல்லின்மேல் மொழி அதே பொருளுள்ள வேறொரு சொல்லை ஏற்றிக் காக்கிறது.

இனி 'அமங் அஸ்' என்னும் வெளிப்பெயர். 'அமங்' என்பது பழைய ஆங்கிலத்தில் 'கலந்த கூட்டத்தினுள்' என்று பொருள்பட்ட தொடர் இறுகி ஒரு சொல்லானது. 'அஸ்' என்பதில்தான் ஆங்கிலம் தடுமாறுகிறது. அந்த இடத்தில்தான் தமிழ்க் காதுக்கு இன்பம் தொடங்குகிறது. எதிரே இருப்பவரையும் சேர்த்துக்கொண்ட 'அஸ்' எது, அவரை விலக்கிய 'அஸ்' எது என்று ஆங்கிலத்தில் தெரியாது. நமக்கு நாம் வேறு, நாங்கள் வேறு; பழந்தமிழில் நாம் வேறு, யாம் வேறு. மலையாளத்தில் நம்மளும் ஞங்ஙளும், தெலுங்கில் மனமும் மேமுவும் இவ்வேறுபாட்டைக் காத்து நிற்கின்றன; கன்னடம் பேச்சில் இதை இழந்துவிட்டது. மலாயில் 'கித்தா', 'காமி' என இரண்டும் உண்டென்பதை மலேசியத் தமிழரும் சிங்கைத் தமிழரும் அறிவார்கள்.

இந்த இலக்கணம் ஆட்டத்தில் எப்படி வேலை செய்கிறது என்பதைத் தமிழ் நண்பர்களோடு ஆடினால்தான் உணரலாம். "நாங்க ரெண்டு பேரும் மேலதானே இருந்தோம்" என்று ஒருவர் சொன்னால், அவர் கேட்பவரை விலக்கித் தமக்கொரு துணையைச் சேர்த்துக்கொண்டுவிட்டார். "நாம ரெண்டு பேரும் மேலதானே இருந்தோம்" என்றால், கேட்பவரையே சான்றாக இழுத்துவிட்டார். ஆங்கிலத்தில் 'வி' என்று சொல்லித் தப்பிக்கலாம். தமிழில் வாயைத் திறந்த நொடியே யார் யாரோடு என்று கோடு கிழித்தாக வேண்டும். கூட்டத்தில் அனல் ஏற ஏற, அதுவரை 'நாம' என்று பேசிக்கொண்டிருந்தவர் 'நாங்க'வுக்குத் தாவும் இடத்தை நான் காது கொடுத்துக் கேட்பதுண்டு. ஐயத்துக்கு அது நல்ல தொடக்கம்.

ஐயத்தைச் சொன்னதும் சொல்லதிகாரம் வந்துவிடுகிறது. ஒருவர் ஆணா பெண்ணா என்று துணிய முடியாத இடத்தில் பன்மையால் கூறுக என்கிறார் தொல்காப்பியர். உயர்திணை என்பது உறுதி, பால் மட்டும் ஐயம் என்றால், அதற்கென்றே ஒரு வழி. இவ்வாட்டத்தில் ஆட்களை உடுப்பின் நிறத்தால் அழைப்பதே வழக்கம், உருவத்தில் ஆண் பெண் அடையாளம் இல்லை. முன்பின் தெரியாத ஒருவர் அறைக்குள் வந்தால், "பச்சை அங்க என்ன பண்ணாங்க?" என்றே நம்மவர் கேட்கிறார்கள். அவர்களுக்கு நூற்பா தெரிந்திருக்க வேண்டியதில்லை. நூற்பாவுக்கு அவர்களைத் தெரிந்திருக்கிறது.

ஒளிந்து கொல்பவரை ஆட்டம் 'இம்போஸ்டர்' என்கிறது. 'மேலே வை' என்னும் இலத்தீன் வினையிலிருந்து பிரெஞ்சு வழியாக வந்த சொல் அது. பொய்யைப் பிறர்மேல் ஏற்றி வைப்பவன் என்று பொருள் விரிந்தது. இதற்கு அகராதி தரும் 'ஆள்மாறாட்டக்காரர்' இங்கே பொருந்தாது. ஆள்மாறாட்டம் என்றால் குறித்த ஒருவரின் இடத்தில் மற்றொருவர் நிற்பது. தேர்வுக்கூடத்தில் நடப்பது அதுதான். இவரோ யாருடைய இடத்தையும் பிடிக்கவில்லை, தம் நிறத்தோடும் தம் பெயரோடும் நிற்கிறார், உள்நோக்கத்தை மட்டும் மறைக்கிறார்.

ஒற்றன் என்றாலும் ஆகாது. ஒற்று என்பது ஒட்டி அழுந்துவது. உயிரை ஒட்டி நிற்பதால் மெய்யெழுத்தும் ஒற்று, உடம்பில் அழுத்துவதால் ஒற்றடம், பகைவனை ஒட்டி நின்று செய்தி அறிவதால் ஒற்றன். வள்ளுவர் ஒற்றாடல் என ஓர் அதிகாரமே வகுத்து, ஓர் ஒற்றன் கொணர்ந்ததை வேறோர் ஒற்றனைக் கொண்டு தேர்க என்றும், ஒருவரையொருவர் அறியாத மூவர் சொல் ஒத்தால் நம்புக என்றும் அறிவுறுத்துகிறார். மாஃபியா ஆட்டத்தில் இரவில் ஒருவரின் உண்மையை அறியும் உரிமை பெற்றவர் உண்டே, அவருக்கு ஒற்றன் என்னும் பெயர் மிகப் பொருந்தும். அவர் சொல்லையும் தேர்ந்துதான் நம்ப வேண்டும்.

கொல்பவருக்குரிய சொல் கள்ளன். கள் என்னும் அடியில் திருட்டுக்கு முன்பே மறைவு இருக்கிறது என்பது என் துணிபு. கள்ளச் சிரிப்பிலும் கள்ளப் பார்வையிலும் எந்தப் பொருளும் களவு போவதில்லை, எண்ணம் ஒளிகிறது, அவ்வளவுதான். கள்ளச்சாவி, கள்ளநோட்டு, கள்ள ஓட்டு என்பவற்றில் பொய்மை முன்னே நிற்கிறது. தலைவனும் தலைவியும் பிறர் அறியாமல் கூடும் காதலுக்கு நம் இலக்கணம் களவு என்றே பெயரிட்டது. உறவுமொழிகளிலும் இதே படர்ச்சியைக் காணலாம்: கன்னடத்தில் 'கள்ள' என்றால் திருடன், தெலுங்கில் 'கல்ல' என்றால் பொய், மலையாளத்தில் 'கள்ளம்' பொய், 'கள்ளன்' திருடன். மறைத்தல், பொய்த்தல், கவர்தல் ஆகிய மூன்றையும் ஒரே அடியில் வைத்திருக்கும் சொல்லுக்கு, இவ்வாட்டத்தில் அந்த மூன்றையும் செய்பவரைவிடப் பொருத்தமான ஆள் கிடைக்கமாட்டார். அவர் கவர்வது உயிரை என்பதொன்றே வேறுபாடு.

ஓசையும் உதவுகிறது. கள்ளன் என்பது நேர்நேர் தேமா; குரலழைப்பில் நான்கு பேர் ஒரே நேரத்தில் கத்தும்போது இரண்டு அசையில் முடியும் சொல்லே காதில் விழும். ளகரத்துக்காக நா வளைந்து மேலண்ணத்தை ஒட்டி ஒருகணம் தங்கிவிட்டுத்தான் வெளிவருகிறது. 'இம்போஸ்டர்' என்பதிலுள்ள ஸ்ட என்னும் மயக்கமோ தமிழ் நாவுக்கு இன்னும் கல்லாகத்தான் இருக்கிறது. யாழ்ப்பாணத்தார் அன்றாடப் பேச்சில் திருடனைக் கள்ளன் என்பதையே விடாமல் வழங்குகிறார்கள். அங்கே பிள்ளைகள் ஆடுவதும் 'கள்ளன் பொலிஸ்'. தமிழ்நாட்டில் நாம் ராஜா, ராணி, மந்திரி, போலீஸ், திருடன் என்று துண்டுத்தாளில் எழுதி மடித்துக் குலுக்கிப் போட்டு, போலீஸ் ஆனவர் எதிரிலிருக்கும் முகங்களைப் பார்த்தே திருடனைக் கண்டுபிடிக்க வேண்டும் என்று ஆடினோமே, அதுவும் மறைவேட ஆட்டம்தான். தாளைப் பிரித்ததும் முகத்தில் எதுவும் காட்டாமல் இருக்கக் கற்றுக்கொண்டது அங்கேதான்.

இன்னொன்றையும் சேர்த்துக்கொள்கிறேன். கள்ளர்கள் காற்றுக்குழாய்க்குள் புகுந்து அறைவிட்டு அறை போவதை எல்லோரும் 'வென்ட்' என்கிறார்கள். காற்றைக் குறிக்கும் இலத்தீன் சொல்லின் வழியில் வந்தது அது. நம்மிடம் காலதர் இருக்கிறது. கால் என்றால் காற்று, அதர் என்றால் வழி. சிலப்பதிகாரத்து மாளிகைகளுக்குக் காலதர் உண்டு. விண்கலத்துக்கு இருக்கக் கூடாதா?

ஆட்டத்தின் பெயரை 'நம்மிடையே' என்று பெயர்க்கலாம்தான். எனக்கு 'நம்முள்' என்பதே உகந்தது. உளவு என்னும் சொல் பிறந்த உள் அதில் இருக்கிறது. கேட்பவரையும் கள்ளனையும் ஒருங்கே அணைத்த நாம் அதில் இருக்கிறது. அடுத்தமுறை நண்பர்களோடு அறை திறந்து அமரும்போது, கள்ளன், ஒற்றன், காலதர் ஆகிய மூன்று சொற்களை மட்டும் வழங்கிப் பாருங்கள். உங்கள் ஊரில் இவற்றுக்கு வேறு நல்ல சொல் வழங்கினால் அதையும் விடாமல் குறித்து வையுங்கள்.